படத்துக்கு இசை எழுதுற வேலை: பிள்ளை கேட்டால் என்ன சொல்லப் போகிறோம்?

போன நவம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. மத்தியானச் சாப்பாட்டு மேசையில் வைத்து எங்களுடைய மகள் சொன்னாள்: “நான் படத்துக்கு மியூசிக் எழுதுற வேலைக்குத்தான் போகப்போறன்.”

அவளுக்குப் பதின்மூன்று வயது. எட்டாம் வகுப்பு. ஆறு வயதிலிருந்து சனிக்கிழமை காலைகளில் வயலின் வகுப்புக்குக் கூட்டிக்கொண்டு போகிறோம், பனி கொட்டினாலும் போகிறோம். அரங்கேற்றம் என்று வந்தால் மண்டபம், உடுப்பு, வீடியோ, சாப்பாடு என்று எங்கள் ஆட்கள் எவ்வளவு செலவு செய்வார்கள் என்பது உங்களுக்கும் தெரியும். இசைக்காகக் காசை யோசிக்காமல் எடுக்கிற சனம்தான் நாங்கள். அதே இசையைப் பிள்ளை ‘வேலை’ என்று சொன்ன உடனே மேசையில் எல்லாரும் கோப்பையைப் பார்த்தோம்.

அம்மாதான் முதலில் வாய் திறந்தார். “அது சரி பிள்ளை, முதல்ல ஒரு படிப்பைப் படிச்சு முடி. பிறகு ஆசைக்கு இதையும் செய்யலாம்.”

நானும் தலையாட்டினேன். ஆட்டின பிறகுதான் உறைத்தது. இருபது வருசத்துக்கு முன்னம் அப்பா எனக்குச் சொன்ன அதே வசனம். நான் மூன்று வயதில் கனடாவுக்கு வந்தவள். அப்பா இரண்டு வேலை செய்து படிப்பித்தவர், அவர் சொன்னதில் பிழை பிடிக்க மாட்டேன். கொம்பியூட்டர் படித்தேன், மாஸ்டர்ஸ் முடித்தேன், சொஃப்ட்வெயர் எஞ்சினியராக இன்றைக்கு வீட்டுக் கடன் கட்டுகிறேன். என்னுடைய கீபோர்ட் பேஸ்மென்டில் உறைக்குள் கிடக்கிறது. அப்பா சொன்ன அந்தப் ‘பிறகு’ மட்டும் இன்னும் வரவில்லை.

மகளின் விசயத்தில் தள்ளிப்போடவும் இடமில்லை. ஒன்பதாம் வகுப்புக்கு கணித-விஞ்ஞானச் சிறப்புப் பிரிவுக்குப் போவதா, இசைப் பிரிவுக்குப் போவதா என்ற படிவம் ஜனவரிக்குள் போக வேண்டும். கீழே பெற்றோர் கையெழுத்துக்கு ஒரு கோடு.

அன்றிரவு எங்களைப் போன்ற ஆட்கள் செய்வதைத்தான் நானும் செய்தேன். தேடித் தேடி வாசித்தேன். பெரிய நட்சத்திர இசையமைப்பாளர்களின் கதை எனக்குத் தேவைப்படவில்லை. கோடியில் ஒருவரைப் பார்த்து ஒரு தாய் முடிவெடுக்க ஏலாது. சின்னப் படங்களில் தொடங்கி, சொந்தமாகப் படம் எடுக்கிற ஆட்களோடேயே நின்று, நாற்பது வருசம் இந்தத் தொழிலில் குடும்பம் நடத்தின ஒருவர் வேண்டும். அப்படி ஒருவர் கிடைத்தார். அவர் முதலில் செய்த வேலையைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் செய்தது என்னுடைய வேலை.

கோட் எழுதின இசையமைப்பாளர்

அவருடைய பெயர் கார்ட்டர் பர்வெல். அமெரிக்கர். கோயன் சகோதரர்களின் ‘ஃபார்கோ’, ‘நோ கன்ட்ரி ஃபோர் ஓல்ட் மென்’ பார்த்தவர்கள் அவருடைய இசையைக் கேட்டிருப்பீர்கள். பெயரைக் கவனித்திருக்க மாட்டீர்கள், நானும் கவனிக்கவில்லை.

1977இல் ஹாவர்டில் பட்டம் பெற்றவர். இசைக் கல்லூரிக்குப் போனவர் அல்ல. பியானோவில் பெரும்பாலும் தானாகக் கைபோட்டுப் பழகினவர். கொஞ்சக் காலம் கழித்து, நியூ யோர்க்குக்குப் பக்கத்தில் கோல்ட் ஸ்பிரிங் ஹார்பர் ஆய்வுகூடத்தில் கொம்பியூட்டர் புரோகிராமர் தேவை என்று பத்திரிகையில் ஒரு விளம்பரம் பார்க்கிறார். டி.என்.ஏ.யின் வடிவத்தைக் கண்டுபிடித்து நோபல் பரிசு வாங்கின ஜேம்ஸ் வாட்சன்தான் அங்கே இயக்குநர். பர்வெலுக்கு அந்த வேலைக்கான தகுதி இல்லை. ஆனாலும் பகிடியாக ஒரு கடிதம் எழுதிப் போடுகிறார்: கலாநிதிப் பட்டம் எடுத்த ஒருவரை விட நான் மலிவு என்று. வேலை கிடைத்துவிடுகிறது! இரண்டு வருசம் புரதங்களைப் பட்டியல் போடுகிற ஒரு திட்டத்துக்கு சொஃப்ட்வெயர் எழுதினார்.

பிறகு 1982இலிருந்து நியூ யோர்க் இன்ஸ்டிடியூட் ஒஃப் டெக்னோலொஜியில் கொம்பியூட்டர் அனிமேஷன் வேலை. பின்னேரங்களில் நகரத்துச் சின்னச் சின்ன இசைக்குழுக்களில் வாசிப்பார். அப்படி வாசித்த காலத்தில்தான், ஸ்கிப் லீவ்சே என்ற ஒலித்தொகுப்பாளர் ஒரு தகவல் சொல்கிறார்: இரண்டு சகோதரர்கள் முதல் படம் எடுத்திருக்கிறார்கள், இசைக்கு ஆள் தேடுகிறார்கள்.

அந்தச் சகோதரர்கள் ஜோயல் கோயனும் ஈதன் கோயனும். அன்றைக்கு அவர்களை ஒருவருக்கும் தெரியாது. ஊரில் தெரிந்தவர்களிடமும் தெரியாதவர்களிடமும் கொஞ்சம் கொஞ்சமாகக் காசு சேர்த்து எடுத்த படம், ‘பிளட் சிம்பிள்’. இயக்குநர்களுக்கும் முதல் படம், இசைக்காரருக்கும் முதல் படம். 1984இல் திரைக்கு வந்தது. அதன் பிறகு அவர்கள் எடுத்த படங்களில் பெரும்பாலானவற்றுக்கு அவர்தான் இசை.

எனக்கு முக்கியமாகப் பட்டது இதுதான். ‘பிளட் சிம்பிள்’ வந்த கையோடு அவர் வேலையை விடவில்லை. 1986இல் ‘சைக்கோ 3’, 1987இல் ‘ரெய்சிங் அரிசோனா’ என்று படங்கள் வந்தன. 1987 வரைக்கும் அந்த நிறுவனத்தில்தான் இருந்தார். அங்கே கடைசியாக வகித்த பதவி, டிஜிட்டல் ஒலி ஆராய்ச்சிப் பிரிவின் இயக்குநர். அதாவது சம்பள வேலையும் மெல்ல மெல்ல இசைப் பக்கமாகச் சாய்ந்துவிட்டது.

அம்மா சொன்ன ‘முதல்ல படிப்பு’ என்பதைத்தான் ஒரு விதத்தில் இவரும் செய்திருக்கிறார். ஒரு வித்தியாசம் உண்டு. அவர் இசையைப் ‘பிறகு’ என்று தள்ளி வைக்கவில்லை. பகலில் சம்பளம், பின்னேரத்தில் இசை, இரண்டும் அதே கிழமையில் நடந்தன. வாடகையை வேலை பார்த்துக்கொண்டதால், காசில்லாத படத்துக்கும் ‘ஓம்’ சொல்ல முடிந்தது.

உண்மையில் அது என்ன வேலை?

எங்களுக்கு இசையமைப்பாளர் என்றால் பாட்டு. இளையராஜாவின் பின்னணி இசையைத் தனியாக எடுத்துக் கேட்கிற ஆட்கள் எங்களுக்குள் நிறைய இருந்தாலும், அதுவே ஒரு முழுத் தொழில் என்று நாங்கள் யோசிப்பதில்லை.

வேலை நடக்கிற விதம் ஏறத்தாழ இப்படி. படத்தைத் தொகுத்து முடிக்கிற கட்டத்தில் இயக்குநரும் இசையமைப்பாளரும் ஒன்றாக இருந்து முழுப் படத்தையும் பார்ப்பார்கள். எங்கே இசை தொடங்க வேண்டும், எங்கே நிற்க வேண்டும், எங்கே வரவே கூடாது என்று ஒவ்வொரு இடமாகக் குறிப்பார்கள். பெரும்பாலும் தொகுப்பாளர் வேறு படத்து இசையைத் தற்காலிகமாகப் போட்டு வைத்திருப்பார். அதைக் கேட்டுப் பழகின இயக்குநர் ‘இதே மாதிரி வேணும், ஆனா இது இல்லை’ என்பார். அதற்குப் பிறகு கொம்பியூட்டரில் மாதிரி செய்து அனுப்புவது, திருத்தம் வாங்குவது, திருப்பி அனுப்புவது. நடுவில் தொகுப்பாளர் காட்சியில் நாலு விநாடியை வெட்டினால், அதற்கென்று எழுதின இசையும் மாற வேண்டும். எங்கள் ஒஃபிஸ் கதை மாதிரியே இருக்குது, என்ன?

அதாவது இது மற்றவருடைய கதைக்குச் செய்கிற சேவை. மேடை இல்லை, கைதட்டல் இல்லை, கடைசித் திகதி மட்டும் உண்டு.

தெரியாததைப் படித்துக்கொண்டே போக வேண்டிய வேலையும்கூட. 1990இல் ‘மில்லர்ஸ் குரோசிங்’ படத்துக்கு முழு ஓர்கெஸ்ட்ரா தேவைப்பட்டது. பர்வெல் அதுவரைக்கும் ஓர்கெஸ்ட்ராவுக்கு எழுதினதே இல்லை. தெரிந்த ஒருவரின் துணையோடு எழுதினார். பிறகு காலப்போக்கில் வாத்தியப் பிரிப்பையும் தானே எழுதி, நடத்துவதையும் தானே செய்யப் பழகினார்.

1996இல் வந்த ‘ஃபார்கோ’வைப் பற்றி எங்கள் வீடுகளில் கட்டாயம் சொல்ல வேண்டும். கதை நடப்பது மினசோட்டாவில். ஒரு காலத்தில் நோர்வேயிலும் சுவீடனிலும் இருந்து கப்பலேறி வந்த குடும்பங்களின் பேரப்பிள்ளைகள் நிறைந்த பனி ஊர். பர்வெல் அந்தப் படத்தின் முக்கிய மெட்டை நோர்வேயின் பழைய பாட்டொன்றில் இருந்து எடுத்தார். தொலைந்துபோன செம்மறியாடு பற்றின பாட்டு. அதை நோர்வேயின் நாட்டு வயலினான ஹார்டாங்கர் பிடிலில் தொடங்கி, பெரிய ஓர்கெஸ்ட்ராவாக விரித்துவிட்டார். குடிபெயர்ந்த ஒரு சனத்தின் பாட்டு, அவர்களுடைய மூன்றாம் தலைமுறை நடமாடுகிற கதைக்கு உயிர் கொடுத்தது. சனிக்கிழமை வகுப்பில் எங்கள் பிள்ளைகள் படிக்கிற வராளியும் சிந்துபைரவியும் எங்கே பயன்படப் போகிறது என்று கேட்கிறவர்களுக்கு என்னிடம் இப்போது ஒரு பதில் இருக்கிறது.

பதினாறு நிமிட இசை

2007இல் வந்த ‘நோ கன்ட்ரி ஃபோர் ஓல்ட் மென்’ இரண்டு மணித்தியாலப் படம். அதில் இருக்கிற இசை மொத்தமே பதினாறு நிமிடம்தான் என்று சொல்வார்கள். அதிலும் ஒரு பகுதி கடைசியில் பெயர்கள் ஓடும்போது வருவது.

கொலைகாரன் ஒருவன் பெட்ரோல் நிலையக் கடைக்காரரோடு நாணயம் சுண்டுகிற காட்சி ஒன்று இருக்கிறது. பார்க்கிறவர்கள் அதில் இசையே இல்லை என்று நினைப்பார்கள். இருக்கிறது. கடையில் ஓடுகிற பிரிட்ஜின் இரைச்சல் மாதிரி, அடியில் ஒரு மெல்லிய ஒலி மெதுவாக ஏறிக்கொண்டு வருகிறது. வட அமெரிக்காவில் மின்சாரம் 60 ஹேர்ட்ஸில் ஓடுவதால், அந்த இரைச்சலும் அந்த அலைவரிசையில் இருக்கும். பர்வெல் தன்னுடைய ஒலியை அதற்குச் சுருதி சேர்த்தார். கொலைகாரனின் கண்ணைப் பார்த்துக்கொண்டிருக்கிற எங்களுக்குக் காரணம் தெரியாமலே வயிற்றைப் பிசைகிறது.

இதை வாசித்தபோது, அவர் கோட் எழுதின வருசங்கள் வீண்போகவில்லை என்று பட்டது. ஆய்வுகூடமும் ஒலி ஆராய்ச்சியும் அவருடைய இசைக்குள்ளேயே வந்துவிட்டன. எதைச் செய்யாமல் விடுவது என்று தெரிவதும் ஒரு படிப்புத்தான்.

வேண்டாம் என்று சொன்னால்

இந்தத் தொழிலின் மோசமான பக்கத்தையும் பிள்ளைக்குச் சொல்லத்தான் வேண்டும்.

2002இல் வந்த ‘த போர்ன் ஐடென்டிட்டி’க்கு முதலில் இசை எழுதினவர் பர்வெல். அது எடுக்கப்பட்டு, வேறொருவரின் இசை போடப்பட்டது. 2013இல் ‘தோர்: த டார்க் வேர்ல்ட்’டிலும் அவர் இடையில் மாற்றப்பட்டார். ‘ஃபார்கோ’ எழுதின மனிசனுக்கே இதுதான் நிலைமை. 2010இல் ‘ட்ரூ கிரிட்’ படத்துக்குப் பழைய தேவாலயப் பாடல்களை வைத்து எழுதினார். ஏற்கெனவே இருந்த மெட்டுகள் என்ற காரணத்தால் அது ஒஸ்கார் போட்டிக்கே சேர்க்கப்படவில்லை.

ஒஸ்காருக்கு அவருடைய பெயர் முதன்முதலாகப் பரிந்துரைக்கப்பட்டது 2015ஆம் ஆண்டுப் படமான ‘கரோல்’ மூலம். அப்போது அவர் அறுபதைத் தொட்டுவிட்டார், தொழிலுக்கு வந்து முப்பது வருசம். பிறகு ‘த்ரீ பில்போர்ட்ஸ்’, ‘த பான்ஷீஸ் ஒஃப் இனிஷெரின்’ படங்களுக்கும் பரிந்துரை. மூன்று முறையும் பரிசு வேறு ஆளுக்குப் போனது. இடையில் 2011இல் ‘மைல்ட்ரெட் பியர்ஸ்’ என்ற தொலைக்காட்சித் தொடருக்கு எமி விருது வாங்கினார்.

அப்படியென்றால் இந்த நாற்பது வருசமும் அவரைத் தாங்கினது எது? திரும்பத் திரும்ப அழைத்த இயக்குநர்கள். கோயன் சகோதரர்கள், டொட் ஹெய்ன்ஸ், மார்ட்டின் மெக்டொனா, ஸ்பைக் ஜோன்ஸ், பில் கொன்டன். ஒருதரம் வேலை செய்தவர் மறுபடி கூப்பிடுவதுதான் இந்தத் தொழிலின் ஓய்வூதியம்.

காசு எப்படி வரும்?

நாங்கள் எல்லாரும் மனதுக்குள் கேட்கிற கேள்வி இது. நேரடியாகச் சொல்கிறேன்.

சின்னப் படங்களில் பெரும்பாலும் மொத்தத் தொகை ஒப்பந்தம்தான். ஒரு உதாரணத்துக்கு 8,000 டொலர் என்று வையுங்கோ. அது கைக்கு வருகிற சம்பளம் இல்லை. வயலின்காரருக்கும் ஸ்டூடியோவுக்கும் ஒலிக்கலவை செய்கிறவருக்கும் அதற்குள்ளேயிருந்துதான் கொடுக்க வேண்டும். மிச்சம் வந்தால் உங்களுடையது. மாணவர் படங்களில் அந்தத் தொகையும் இருக்காது.

இரண்டாவது வழி, படம் தொலைக்காட்சியிலோ இணையத்திலோ ஓடும்போது வருகிற உரிமைத்தொகை. அதைச் சேர்த்துக் கொடுக்கிற சங்கங்கள் உண்டு: கனடாவில் சோகன், பிரித்தானியாவில் பி.ஆர்.எஸ்., பிரான்சில் சாசெம், ஜெர்மனியில் கேமா, அவுஸ்திரேலியாவில் ஆப்ரா. பிரித்தானியா, ஐரோப்பா, கனடா போன்ற இடங்களில் திரையரங்கில் ஓடினாலும் உரிமைத்தொகை உண்டு. அமெரிக்கத் திரையரங்குகள் அதைக் கட்டுவதில்லை. எந்த இசை எத்தனை விநாடி வருகிறது என்ற பட்டியலைத் தயாரிப்பாளர் ஒழுங்காகப் பதிந்து கொடுத்தால்தான் இந்தக் காசு வரும். சின்னப் படங்களில் அந்தப் பட்டியலை மறந்துவிடுவார்கள், கேட்டு வாங்க வேண்டும். சம்பளம் குறைவான படம் என்றால், இசையின் உரிமையையாவது தன்னிடம் வைத்துக்கொள்ளப் பேசலாம். பிள்ளை ஒப்பந்தம் வாசிக்கப் பழக வேண்டும். அதற்குக் கணக்காளர்களும் சட்டத்தரணிகளும் நிறைந்த எங்கள் குடும்பங்களை விட நல்ல இடம் எது?

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். பர்வெலிடம் ஹாவர்ட் பட்டம் இருந்தது. ஊருக்குக் காசு அனுப்பவேண்டிய கடமை இருந்ததாக நான் எங்கும் வாசிக்கவில்லை. சரியான நேரத்தில் சரியான இரண்டு சகோதரர்களைச் சந்தித்தது அதிர்ஷ்டம். ஆகவே அவருடைய வாழ்க்கையை அப்படியே பிரதி எடுக்க ஏலாது. அவர் செய்த ஒழுங்கை எடுக்கலாம்.

படிவத்துக்கு என்ன நடந்தது?

டிசம்பர் விடுமுறையில் மகள் ஒருநாள் பின்னேரம் அறைக் கதவைச் சாத்திவிட்டாள். அவளுடைய சிநேகிதி பள்ளிக்கூட வேலைக்காக நாலு நிமிடப் படம் ஒன்று எடுத்திருந்தாள். கடைசி பஸ்ஸைத் தவறவிட்ட ஒரு கிழவரைப் பற்றின கதை. இவள் மூன்று கிழமை இருந்து கராஜ்பாண்டில் இசை செய்து கொடுத்தாள். சிநேகிதி இரண்டு இடத்தில் அதை வெட்டி எறிந்துவிட்டாள்.

கட்டிலில் பக்கத்தில் இருந்து போர்ன் படத்துக் கதையைச் சொன்னேன். அழுகை நின்றது. “அவர் என்ன செய்தவர்?” என்று கேட்டாள்.

“அடுத்த படத்துக்குப் போனவர்.”

பிறகு படத்தைப் போட்டுக் காட்டினாள். கிழவர் தரிப்பிடத்தில் நிற்கிற இடத்தில் வயலின் மெல்லியதாகத் தொடங்கியது. பஸ் போன பிறகு ஒன்றும் இல்லை. மழைச் சத்தம் மட்டும்.

“இங்கதான் வெட்டினவள்,” என்றாள். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “உண்மையைச் சொன்னா அம்மா, மழை மட்டும் இருக்கிறது நல்லாத்தான் இருக்கு. நான் எழுதினது கூடிப்போச்சு.”

கடைசிக் காட்சிக்கு அன்றிரவே வேறு ஒன்று எழுதி அனுப்பினாள். அதை நான் திறமை என்பதை விட வேலைப் பழக்கம் என்று சொல்வேன். பிள்ளைக்கு இந்தத் தொழில் சரிவருமா என்று யோசிக்கிற பெற்றோர் மேடையில் எவ்வளவு கைதட்டல் கிடைத்தது என்று பார்ப்பதைக் காட்டிலும், மூன்று விசயத்தைக் கவனியுங்கோ என்பேன். தொடங்கினதை முடிக்கிறாளா? மற்றவருடைய கதைக்காகத் தன்னுடையதைக் குறைக்க அவளால் முடியுதா? வேண்டாம் என்று சொன்ன பிறகு திரும்பவும் போய் இருந்து எழுதுகிறாளா?

நாங்கள் வீட்டில் ஒரு ஒப்பந்தம் செய்தோம். இசைப் பிரிவுக்குப் போகலாம், கணிதத்தையும் கொம்பியூட்டரையும் விடக் கூடாது. ஒவ்வொரு வருசமும் தன் வயதுப் பிள்ளைகள் எடுக்கிற இரண்டு படத்துக்காவது இசை செய்ய வேண்டும், ஏனென்றால் நாளைக்கு அவளைக் கூப்பிடப்போகிற இயக்குநர் இன்றைக்கு அவளுடைய வகுப்பில்தான் இருக்கிறார். பெர்க்லி, லண்டன் ரோயல் கொலிஜ் ஒஃப் மியூசிக் மாதிரி இடங்களில் இதற்கென்றே படிப்பு இருக்கிறது. அதைப் பதினேழு வயதில் பார்க்கலாம்.

அம்மா முழுச் சம்மதம் இல்லாமல்தான் கேட்டுக்கொண்டிருந்தார். கடைசியில், “அந்த வெள்ளைக்காரன் வேலையை எத்தினை வருசம் வச்சிருந்தவன்?” என்று கேட்டார்.

“முதல் படம் வந்து மூன்று வருசம் அம்மா.”

“அப்ப சரி.”

ஜனவரி இரண்டாம் கிழமை படிவத்தில் கையெழுத்து வைத்தேன். அந்த வார இறுதியில் பேஸ்மென்டுக்குப் போய்க் கீபோர்டின் உறையையும் கழற்றினேன். இரண்டு கட்டை வேலை செய்யவில்லை. மற்றதெல்லாம் நல்லாத்தான் இருக்கு.